பழக்குருவி தலையில் போட்ட பழி

ஒரு குருவி பழம் தின்ற கதை உங்களுக்கு எதற்கு? வேறு வேலை இல்லையா? அடுப்பில் சோறு வெந்துகொண்டிருந்தால் முதலில் போய் இறக்கி வைத்துவிட்டு வாருங்கள். கருகிப் போனால் என்னைத் திட்டக் கூடாது.

விடிந்ததும் "குக்குறு, குக்குறு" என்று ஒருவன் தொடங்குவான். அவன் மூச்சு வாங்குவதற்குள் பள்ளத்துக்கு அந்தப் பக்கமிருந்து இன்னொருவன் பதில் கொடுப்பான். உடம்பெல்லாம் பச்சை, நெற்றியில் மஞ்சள், கன்னத்தில் நீலம் என்று கல்யாணத்துக்குப் புறப்பட்டவன் மாதிரி இருப்பான். கீழ்க் கிராமத்துச் சிங்களவர்கள் "கொட்டோருவா" என்பார்கள். தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகளான எங்கள் லயத்தில் "பழக்குருவி". பழத்தைக் கண்டால் அவனுக்கு வேறெதுவும் கண்ணில் படாது. அந்த விஷயத்தில் அவனும் நானும் ஒரே சாதி.

நோர்வூட்டுக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்தில், துரையின் பங்களாவில் அப்பா பூந்தோட்ட வேலை பார்த்தார். மலையில் மழைத்தண்ணீர் ஓடக் கான் வெட்டும்போது கல் உருண்டு விழுந்ததில் அவருக்கு ஒரு கால் சரியாக மடங்காது. பங்களா வேலை போனால் அந்தக் காலோடு மறுபடி மலை ஏற வேண்டும். ஏற முடியாவிட்டால் எங்கள் அடுப்பு பாதிதான் எரியும். நாட்டுக்குச் சுதந்திரம் வந்து நாலைந்து வருஷம் ஆகியிருந்தது, ஆனால் எங்கள் வெள்ளைக்காரத் துரைக்கு அந்தச் செய்தி இன்னும் வந்து சேர்ந்த மாதிரி தெரியவில்லை.

துரைசாணி சீமையிலிருந்து கன்று வரவழைத்து நட்ட பீச் மரம் அந்த வருஷம்தான் முதல் தடவையாகக் காய்த்தது. பதினோரு பழம். எனக்கும் வயது பதினொன்று. பழக்குருவி ஜோடி ஒன்று பக்கத்திலிருந்த பட்டுப்போன முருங்கைக் கொம்பில் பொந்து குடைந்து குஞ்சு பொரித்திருந்ததால், என் கையில் ஒரு பிஸ்கட் டின்னையும் குச்சியையும் கொடுத்து மரத்தடியில் நிறுத்தினார்கள்.

"குருவி வந்தா டின் அடி. பழம் போனா உன் அப்பன் மலைக்கு," என்றார் துரை. அவர் தமிழ் அவ்வளவுதான். ஆனால் நன்றாகப் புரியும்.

இரண்டு நாள் யோக்கியமாக நின்றேன். மூன்றாம் நாள் ஒரு பழம் சிவந்து, வாசனை வந்து மூக்கைப் பிடித்து இழுத்தது. தின்றுவிட்டேன். கொட்டையை ரோசாப் பாத்தியில் புதைத்தேன். பிறகுதான் வெறுங்காம்பைப் பார்த்தேன். கொண்டை ஊசியை எடுத்துப் பக்கத்துப் பழத்தில் கொத்துக் கொத்தாகத் துளை போட்டு, பழியைக் குருவி தலையில் வைத்தேன். குருவியை யார் மலைக்கு அனுப்ப முடியும்?

மலைக்கு அனுப்பவில்லை. துரை துளையைப் பார்த்தார், உள்ளே போனார், துப்பாக்கியோடு வந்தார்.

அதை நான் நினைத்துப் பார்க்கவே இல்லை. அப்பா கூடையும் கையுமாகப் பக்கத்தில் நின்றார். குருவி காட்டுப் பழம் ஒன்றை அலகில் கவ்விக்கொண்டு வந்து பொந்து வாசலில் ஒட்டிக்கொண்டது. உள்ளே குஞ்சுகள் கீச்சிட்டன. துரை குறி வைத்தார். உண்மையைச் சொன்னால் அப்பாவின் வேலை போகும். சொல்லாவிட்டால் குருவி போகும், அதன் பின்னால் குஞ்சுகளும் போகும். இருந்த பலமெல்லாம் சேர்த்து டின்னை அடித்தேன். குருவி பறந்தது, குண்டு ஆகாயத்துக்குப் போனது.

"ஏன் அடிச்சது?" என்று துரை கத்தினார்.

"குருவி வந்தா அடிக்கச் சொன்னீங்களே, தொரைங்க. வந்துச்சு, அடிச்சேன்."

துரையின் முகம் பீச்சுப் பழத்தைவிடச் சிவந்தது. வராந்தாவில் நின்ற துரைசாணிக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. அந்தச் சிரிப்பில் துப்பாக்கி உள்ளே போயிற்று. மறுநாள் மரத்துக்குக் கொசுவலை போர்த்தினார்கள், என் உத்தியோகம் முடிந்தது. கொசுவே இல்லாத குளிரில் கொசுவலை எதற்கு வைத்திருந்தார்களோ!

துப்பாக்கி வெடித்த அன்று வீடு திரும்பும் வழியில் அப்பா மடியிலிருந்து எதையோ எடுத்து நீட்டினார். என் கொட்டை.

"ரோசாப் பாத்தியக் கொத்துனேன், கெடந்துச்சு. குருவி எப்ப பாப்பா கொட்டையப் பொதைக்கக் கத்துக்கிச்சு?"

"இது ஒரு தினுசான குருவி போலப்பா."

"ம். இன்னொரு தடவ பொதைச்சுச்சுனா அந்தக் குருவிக்கு றெக்கையப் பிச்சிருவேன்னு சொல்லி வையி," என்று கொட்டையை ஆற்றில் எறிந்தார். அதற்குப் பிறகு அதைப் பற்றி அவர் பேசவே இல்லை. அப்பா போய் எத்தனையோ வருஷமாகிறது. பங்களாவில் இப்போது வெளியூர்க்காரர்கள் காசு கொடுத்துத் தங்குகிறார்கள். பீச் மரம் நின்ற இடத்தில் கார் நிறுத்துகிறார்கள். பழக்குருவிகள் மட்டும் இன்னும் இருக்கின்றன.

ஆனால் துப்பாக்கிக்குத் தப்பிய அதே சாயங்காலம் இன்னொரு கண்டம் காத்திருந்தது. மலைத்தண்ணீர் கொட்டும் பீலியில் குடத்தோடு நின்ற பொம்பளைகளுக்கு நடுவில், லயத்தில் எங்களுக்கு அடுத்த காம்பராவில் குடியிருந்த மருதாயி அக்கா என்னைப் பார்த்துக் கண்ணைச் சுருக்கினாள்.

"ஏண்டி செல்லம், அந்தச் சீமைப் பழம் இனிக்குமா, புளிக்குமா?"

அத்தனை குடமும் என் பக்கம் திரும்பிற்று. குருவிக்கு உயிரைக் காப்பாற்றிக் கொடுத்தவள் நான். பழியையாவது அவன் சுமக்க வேண்டாமா?

"எனக்கு எப்படிக்கா தெரியும்? தின்னவனக் கேளுங்க," என்றேன். "ஆனா ஒண்ணு, துப்பாக்கிச் சத்தத்துல பறக்கறப்பகூட சப்புக்கொட்டிக்கிட்டேதான் போனான்."