அலோய்ஸ் மறக்காத வரி

கடையில் பணம் செலுத்தும் வரிசையில் நின்றபோது அம்மா தொலைபேசியில் அழைத்தார்.

"பிள்ளை, அந்தத் திறப்புக்கார மனிசன் செத்துப்போனாராம். இப்பதான் ரீவியிலை படம் போட்டுக் காட்டினவங்கள்."

"எந்தத் திறப்புக்காரர் அம்மா?"

"உன்ரை அலோய்ஸ் அண்ணைதான்."

கூடையை அப்படியே தரையில் வைத்துவிட்டு வெளியே வந்துவிட்டேன்.

உங்களில் பலருக்கு அவரைத் தெரியும். மாலைத் தொலைக்காட்சித் தொடரில், இடுப்பில் சாவிகள் குலுங்கும் திறப்புக்கோர்வையோடு மாடிப்படி ஏறி இறங்கும் ஒஸ்திரிய ஹவுஸ்மைஸ்டர், அந்தக் கட்டடத்தைப் பராமரிக்கிறவர், அவர்தான். பெயர் தெரியாவிட்டாலும் அந்தத் தொங்கு மீசையைத் தெரிந்திருக்கும். ஆனால் அவர் முதலில் மேடை நடிகர். ஸ்டுட்கார்ட்டிலிருந்து ரயிலில் ஒரு மணி தூரத்திலுள்ள நகரத்து நாடக அரங்கில் நானும் அவரும் நாலு வருடம் ஒன்றாக வேலை செய்தோம். அஞ்சலி எழுதுகிறவருக்குப் பெருந்தன்மை வேண்டும் என்பார்கள். எனக்கு இன்றைக்கு அது இல்லை. ஒரு மனிதர்மேல் உள்ள ஆத்திரத்தில்தான் இதை எழுதுகிறேன். முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

முன்வரிசை ஓரத்தில் நாடகப் பிரதியோடு இருந்து, வசனம் மறந்தவருக்கு மெல்ல எடுத்துக்கொடுப்பது என் வேலை. "இவ்வளவு படிச்சுப்போட்டு ஒளிச்சிருந்து சொல்லிக்குடுக்கிற வேலையோ?" என்று அம்மா தலையில் கைவைத்தார். அலோய்ஸுக்கு என் தேவையே இருந்ததில்லை. தபால்காரர், பாதிரியார், நீதிபதி, வேலைக்காரர் என்று அவருக்கு எப்போதும் சின்னப் பாத்திரங்கள்தான். பேச்சில் ஒஸ்திரிய வாடை அடிக்கிறதென்று பெரிய பாத்திரம் எதையும் கொடுக்கமாட்டார்கள். "கதவு திறக்க நான் இல்லாவிட்டால் அரசன் வெளியில்தான் நிற்க வேண்டும்" என்பார். அதைச் சொல்லும்போது மீசை மட்டும் சிரிக்கும்.

நான் சேர்ந்த முதல் மாதம். பல வருடம் உழைத்த வீட்டிலிருந்து விரட்டப்படும் வேலைக்காரராக அவர் நடித்தார். கடைசிக் காட்சியில் எஜமானைப் பார்த்துச் சொல்வார்: "இந்த வீட்டுக்கு வந்த அத்தனை பேரின் மேலங்கியையும் வாங்கி மாட்டினேன்." அதோடு நின்றுவிட்டார். ஒரு மூச்சு, இரண்டு மூச்சு, மூன்று. மறந்துவிட்டார் என்று பதறிப்போய், மண்டபம் முழுக்கக் கேட்கிற மாதிரி அடுத்த வரியைச் சொல்லிவிட்டேன்: "நான் போகும்போது என்னுடையதை எடுத்துத் தர ஆளில்லை!" சபை கொல்லென்று சிரித்தது. அவர் மறக்கவில்லை. அந்த மௌனம் அவர் வேண்டுமென்றே வைத்தது. ஒத்திகையில் அது இருக்கவில்லை.

திரை விழுந்ததும் அரங்கத் தலைவர் பாய்ந்து வந்தார். என் வேலை அன்றோடு போயிருக்கும். "அவளைத் திட்டாதே. நான்தான் மறந்தேன், அவள் காப்பாற்றினாள்" என்றார் அலோய்ஸ். வயதாகிவிட்டது என்று தலைவர் அவரையே ஏசிவிட்டுப் போனார். பிறகு அலோய்ஸ் என்னிடம் சொன்னது இவ்வளவுதான்: "நான் மறந்தால் உன்னைப் பார்ப்பேன். பார்க்கும்வரை வாயைத் திறக்காதே."

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. ஒப்பந்தம் வருடாவருடம் நீளும். பதினைந்து வருடம் கடந்துவிட்டால் ஒருவரை எளிதில் வெளியே அனுப்ப ஏலாது. ஆகவே பதினான்காவது வருடத்தில் தலைவர் கூப்பிடுவார். அலோய்ஸையும் கூப்பிட்டார். காப்பி ஆறுவதற்குள் பேச்சு முடிந்தது. "என் குரல் அவர்களின் புதிய பாதைக்குப் பொருந்தவில்லையாம்" என்று அலோய்ஸ் வந்து சொன்னார். பதினாலு வருடம் பொருந்திய குரல்! அன்றும் மேடையேறி, ஒரு சொல் தப்பாமல் நடித்தார்.

அந்தப் பருவத்தின் கடைசி நாள், பின்வாசலில் அவருடைய மேலங்கியை எடுத்து விரித்துப் பிடித்தேன். கைகளை நுழைத்துக்கொண்டு, "பார்த்தாயா, அந்த வசனத்தைப் பொய்யாக்கிவிட்டாய்" என்றார். அவர் அழுது நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

பிறகு தொலைக்காட்சி அவரைப் பிடித்துக்கொண்டது. முதலில் துப்பறியும் தொடர்களில் பிணமாகக் கிடந்தார். பிணத்துக்கு ஒஸ்திரிய வாடை இல்லையே என்று கேலி செய்வார். அதற்குப் பிறகுதான் திறப்புக்கோர்வை வந்தது, தெருவில் மறித்துப் படம் எடுத்தார்கள். ஒருமுறை எங்கள் வீட்டுக்கு வந்தவரிடம் அம்மா, "அண்ணை, அந்தக் கீழ்வீட்டுக்காரிக்குத் திறப்புக் குடுக்காதேங்கோ, அவள் கள்ளி" என்றார். நான் மொழிபெயர்த்தேன். அவர் இடியப்பத்தை வைத்துவிட்டு, இயக்குநரிடம் சொல்வதாக நெஞ்சில் கைவைத்துச் சத்தியம் செய்தார்.

போன ஞாயிறு எங்கள் அரங்கில் நினைவுக்கூட்டம். அதே தலைவர்தான் மேடையேறினார். "எவ்வளவு கெஞ்சினோம்! தொலைக்காட்சிக்காக அவராகவே எங்களை விட்டுப் போனார்" என்றார். அடுத்து, தானும் முன்னாள் நடிகர் என்று காட்ட, அந்த வேலைக்காரனின் பேச்சை மனப்பாடமாகச் சொல்லத் தொடங்கினார். நான் பிரதியோடு வழக்கமான இடத்தில் இருக்க வேண்டும் என்பது அவருடைய உத்தரவு.

"இந்த வீட்டுக்கு வந்த அத்தனை பேரின் மேலங்கியையும் வாங்கி மாட்டினேன்." அதோடு நின்றார். ஒரு மூச்சு, இரண்டு மூச்சு, மூன்று. என்னைப் பார்த்தார். மறந்தவரின் பார்வை எனக்கு இப்போது நன்றாகவே தெரியும். நான் பிரதியை மூடி மடியில் வைத்துக்கொண்டு, அவர் கண்களையே பார்த்தபடி இருந்தேன். நெற்றியில் வேர்வை அரும்பியது. கடைசியில் தலையைக் குனிந்துகொண்டு இறங்கிப் போனார்.

சபை எழுந்து நின்று கைதட்டியது. துக்கத்தில் தலைவருக்கு நா எழவில்லை என்று மறுநாள் உள்ளூர்ப் பத்திரிகையில் வந்தது. அதை வாசித்த பிறகுதான் இதை எழுத உட்கார்ந்தேன். அது துக்கம் இல்லை. அவர் மறந்தார். நான் கொடுக்கவில்லை. அதற்காக எனக்குக் கொஞ்சமும் வருத்தம் இல்லை, அலோய்ஸ்.

எனக்கும் இது பதினான்காவது பருவம். வருகிற செவ்வாய் பதினொரு மணிக்குத் தலைவரோடு எனக்கு டெர்மின், சந்திக்க நேரம் குறித்திருக்கிறார். அவர் பேச இருப்பதும் எனக்கு ஏற்கெனவே மனப்பாடம். அலோய்ஸிடமிருந்து நான் வைத்திருப்பது அந்த ஒற்றை வரிதான். அன்றைக்குத் தலைவர் பேசி முடித்ததும், மேடையில் அவர் மறந்த அந்த வரியை எடுத்துக்கொடுப்பேன், என் முதல் மாதத்தில் சொன்ன அதே குரலில், கட்டடம் முழுக்கக் கேட்க.