டவெட்டை வதிவிடமாகக் கொண்டவர்

எங்கள் ஆட்களின் மரண அறிவித்தலில் இரண்டு ஊர்கள் இருந்தாக வேண்டும். இன்ன ஊரைப் பிறப்பிடமாகவும் இன்ன ஊரை வதிவிடமாகவும் கொண்ட இன்னார் என்றுதான் அது தொடங்கும். ஒஸ்லோவில் தெரிந்தவர் வீடுகளில் யாராவது இறந்தால் அதை எழுதிக் கொடுப்பது என் வேலையாகிவிட்டது. ஊரும் உறவுமுறையும் பிசகாமல் எழுதுவேன் என்பதால் கூப்பிடுவார்கள். சென்ற மாரியில் என் அண்ணனுக்கு எழுத வேண்டி வந்தது.

அக்காவின் மகளுடைய கலியாணத்துக்காக வேல்ஸிலிருந்து வந்தவர். ஒஸ்லோவின் குரோருட் பகுதியில், அக்கா வீட்டில் காய்ச்சல் என்று படுத்தார். எழும்பவில்லை.

பிறப்பிடத்தில் சிக்கல் இல்லை. வதிவிடம்தான். இளமையில் அகதியாகப் போய் இறங்கிய நாளிலிருந்து வேல்ஸின் மேற்குக் கரையில் ஒரு ஹோட்டல் சமையலறையில் வேலை செய்தார். வாழ்த்து அட்டை அனுப்பினாலும் தன் முகவரியின் கடைசி வரியில் டவெட் என்று எழுதுவார். அப்படி ஒரு மாவட்டம் இப்போது இல்லை. கார்டிகன், கார்மார்தன், பெம்ப்ரோக் என்று நெடுங்காலம் தனித்தனியே இருந்த மூன்று மாவட்டங்களை 1974இல் ஒன்றாக்கி, அந்தப் பக்கத்தில் முன்பு இருந்த ஓர் அரசின் பெயரை அதற்கு வைத்தார்கள். 1996இல் அதைக் கலைத்து மூன்றையும் பழையபடி பிரித்தார்கள்; அண்ணன் இருந்த கார்டிகன், கெரெடிகியன் என்று ஆயிற்று. பொலிஸ் வாகனங்களில் மட்டும் இன்னொரு பெயரோடு சேர்ந்து பாதிப் பெயராக அது இன்னும் ஓடித் திரிவதாக அண்ணன் சொல்வார். அப்படி ஓர் இடம் இப்போது இல்லை என்று நான் தொலைபேசியில் திருத்துவேன்.

"கலைச்சது கவுன்சிலை. என்னையில்லை," என்பார்.

இங்கே ஒஸ்லோவைச் சுற்றியுள்ள அக்கர்ஷூஸை வேறு மாவட்டங்களோடு சேர்த்து விக்கன் என்று பெயர் வைத்து, நாலு வருடத்தில் திரும்பப் பிரித்தபோது அவருக்கு ஒரே சிரிப்பு. "உங்கடை ஆக்களுக்கும் அந்த வருத்தம் தொத்தீட்டுது போல."

அவர் ஏன் அந்தப் பெயரை விடவில்லை என்பது எனக்கும் அக்காவுக்கும் தெரியும். அவருடைய மகன் பிறந்தது டவெட்டில். மாவட்டம் கலைவதற்குக் கொஞ்சம் முன்பு அண்ணி பிள்ளையைக் கூட்டிக்கொண்டு கனடாவுக்குப் போய்விட்டார். அதன் பிறகு ஒரு தொடர்பும் இல்லை. தகப்பனுடைய இடம் என்று அந்தப் பிள்ளைக்குத் தெரிந்திருக்கக்கூடிய ஒரே பெயர் அது.

"வேல்ஸ் எண்டு போடு, காணும்," என்றார் அக்கா.

"அது ஒரு முழு நாடு, அக்கா."

"நீ செத்தால் புருசெத், இன்ன புளொக், மூண்டாம் மாடி, இடப்பக்கக் கதவு எண்டு போடவேணும் போல." பிறகு அவரே சொன்னார்: "சரி, டவெட் எண்டே போடு தம்பி. அவன் கண்டானெண்டால் கொள்ளி வைக்க வருவான்."

இல்லாத இடத்தை நான் எந்த அறிவித்தலிலும் எழுதியதில்லை. இதில் எழுதினேன். மகனின் பெயரையும் போட்டேன். தகனத்தைச் சட்டம் விட்ட கடைசி நாளுக்குத் தள்ளி வைத்தோம்.

அறிவித்தலின் அடியில் என் இலக்கம் இருந்தது. அதைப் பார்த்துக் கனடாவிலிருந்து ஓர் அழைப்பு வந்தது.

"சித்தப்பாவோ கதைக்கிறது?" நிதானமான ஆண்குரல்.

"ஓம், ராசா."

"நோட்டீஸ் பாத்தனான். அந்தப் பேர் என்ரை பிறப்புச் சான்றிதழிலை இருக்கு. அதாலைதான் எடுத்தனான்."

"உனக்காகத்தான் போட்டது. வருவியோ?"

"அவர் எங்களைத் தேடி ஒருக்காலாவது வந்தவரோ?"

அண்ணன் போகவில்லை. தன்னைத் தேடி வருவதற்கான முகவரியை மட்டும் மாற்றாமல் வைத்திருந்தார். "இல்லை," என்றேன்.

"அப்ப நீங்களே செய்யுங்கோ, சித்தப்பா." வைக்கப்போகிறான் என்று நினைத்தேன். "அந்த இடத்துக்கு இப்ப என்ன பேர்?"

"கெரெடிகியன்."

"ம்," என்றான். தொடர்பு அறுந்தது.

அவன் சொன்னதைச் சொன்னபடி அக்காவிடம் சொன்னேன். அவர் நம்பவில்லை. "கோவத்திலை கதைச்சிருப்பான். பெத்த தேப்பன். வருவான்."

தகனத்தன்று வெளியே பனி சேறாகிக் கிடந்தது. முன்வரிசையில் ஒரு கதிரையில் அக்கா தன் கைப்பையை வைத்து இடம் பிடித்திருந்தார். மண்டபத்துக்குப் பொறுப்பானவர் இரண்டாம் முறை என்னைப் பார்த்தபோது நான் எழுந்து போய் சுவிட்சை அழுத்தினேன். பெட்டி உள்ளே போயிற்று. கதவு இறங்கியது. அக்கா கைப்பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார்.

முப்பத்தோராம் நாள் சடங்குக்கு, துக்கத்தில் பங்குகொண்டவர்களுக்கு நன்றி நவிலல் அறிவித்தல் எழுத வேண்டும். அதிலும் வதிவிடம் வரும். பழையதையே பார்த்து எழுதத் தொடங்கியபோது அக்கா பின்னால் வந்து நின்றார்.

"ஒஸ்லோ எண்டு போடு," என்றார். "இஞ்சைதானே செத்தவர்."

"அவர் இஞ்சை இருக்கேல்லையே, அக்கா."

"இனி ஆர் பாக்கப்போகினம்?"

ஒஸ்லோ என்று எழுதி அனுப்பினேன்.