பூட்டுமுன் கேட்பது

புதுக்குடியிருப்பில் முல்லைத்தீவு பஸ்ஸுக்காகக் காத்து நிற்கிறேன். மதிய வெயில். நிழலுக்காக ஒதுங்கிய கடைத்தொகுதியில் பாதிக் கடைகள் பூட்டிக் கிடக்கின்றன. எனக்கு முன்னால் இருப்பது ஒரு கைபேசிக் கடை. அதன் பெயர்ப்பலகையில் பெயின்ற் உரிந்த இடத்தில் பழைய நகைக்கடையின் பெயர் தெரிகிறது. அதற்கும் அடியில் ஏதோவொரு புத்தகசாலை.

கடைக்கார அக்கா சாப்பாட்டுக்குப் போவதற்காக ஷட்டரை இறக்குகிறார். முழங்கால் உயரத்தில் அதை நிறுத்திவிட்டு, குனிந்து, வெறும் கடைக்குள் கூப்பிடுகிறார்.

"உள்ளுக்கை ஆரும் நிக்கிறியளோ? பூட்டப்போறன்."

உள்ளே ஒரு கண்ணாடி அலுமாரிதான் இருக்கிறது. பூனை ஒளியக்கூட இடமில்லை. நான் சிரிப்பதை அவர் கண்டுவிடுகிறார்.

"சண்டைக்குள்ளை இந்த இடத்திலையும் கடைதான் இருந்தது, தம்பி. ஷெல் குண்டு விழேக்கை, உள்ளுக்கை ஆக்கள் நிண்டது தெரியாமல் பூட்டிப்போட்டு ஓடினவையாம். இப்ப ஆர் கடை எடுத்தாலும் கேட்டுப்போட்டுத்தான் பூட்டுவினம். கடைப் பூட்டின்ரை திறப்பைக் கையிலை தரேக்கையே அதைச் சொல்லித்தான் தருவினம்."

"ஆராவது பதில் சொல்லியிருக்கினமோ, அக்கா?"

"எனக்கு இன்னும் இல்லை." பெயர்ப்பலகையை அண்ணாந்து பார்க்கிறார். "முந்தி வைச்சிருந்தவைக்குக் கேட்டதாம். அதாலைதான் கடையை விட்டிட்டுப் போட்டினம்."

மறுபடியும் குனிந்து காத்திருக்கிறார். என் சிரிப்பு எப்போதோ நின்றுவிட்டது. நானும் காது கொடுக்கிறேன்.

சந்தியில் பஸ் ஹோர்ன் அடிக்கிறது. அந்தச் சத்தம் ஓய்வதற்குள் அக்கா ஷட்டரை அவசரமாக இழுத்துப் பூட்டிவிடுகிறார்.