கழுவித் துடைத்த பண்ணை

ஐம்பத்துமூன்று வயதில், பட்டப்பகலில், கொச்சங்காடியில் ஒரு மொபைல் கடையின் கண்ணாடி மேசைக்கு முன்னால் நின்றுகொண்டு, "என் மாடெல்லாம் போயிடுத்து" என்று சொன்னேன். கடைக்காரர் முதலில் அனுதாபத்தோடுதான் கேட்டார். எத்தனை மாடு, சினை மாடு ஏதாவது உண்டா என்றெல்லாம் விசாரித்தார். நான் புது போனை எடுத்து நீட்டிய பிறகுதான் அவர் முகம் மாறியது.

என் வம்சத்தில் யாரும் மண்வெட்டி பிடித்ததில்லை. நானும் ஏலூரில் ஓர் உரத் தொழிற்சாலையின் பரிசோதனைக்கூடத்தில் குப்பிகளைக் குலுக்கிக் காலம் தள்ளுகிறவன். மட்டாஞ்சேரியிலிருந்து போய்வர தினமும் மூன்று மணி நேரம் பஸ். அந்த மூன்று மணி நேரத்தில் உயர்ந்த நூல்களைப் படிக்கலாம். நான் கோதுமை விதைத்தேன். சோளம் அறுத்தேன். கோழிகளுக்குத் தீவனம் போட்டேன். பையில் புத்தகம் ஒன்று எப்போதும் இருக்கும், பக்கத்து இருக்கைக்காரர் மதிப்பதற்காக.

பண்ணையை ஆரம்பித்துக் கொடுத்தவள் என் மகள். கொரோனா வருடம். தெருவின் இரண்டு முனைகளிலும் மூங்கில் கட்டி அடைத்துவிட்டார்கள். மசாலாக் கிடங்குகள் பூட்டிக் கிடந்ததால் காற்றில் சுக்கு வாசனைகூட இல்லை. அவள் பிளஸ் டூ. ஆன்லைன் வகுப்புக்கென்று வாங்கிய டேப்லெட்டில் அவள் ஒரு பண்ணை வைத்திருந்தாள். நான் நாள் முழுக்கத் தொலைக்காட்சியில் சாவுச் செய்தி பார்த்துக்கொண்டிருந்தேன். ஒரு நாள் என் போனைப் பிடுங்கிக்கொண்டு, "அப்பா, உனக்கும் ஒண்ணு வெச்சுத் தரேன். அந்த நியூஸை அணை" என்றாள்.

வீடு எங்கே, குளம் எங்கே, வேலி எங்கே என்பதெல்லாம் அவள் தீர்மானம். பன்றிக் கொட்டிலைக் கொண்டுபோய் வீட்டு ஜன்னலுக்கு நேரே வைத்தாள்.

"ஏய், நம்ப ஆத்து வாசல்ல பன்னியா?" என்றேன்.

"பாவம் அப்பா அதுகள். ஒரு வியூ வேண்டாமா?"

சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்த என் மனைவி, "அப்பனுக்கும் பொண்ணுக்கும் நன்னா வட்டு பிடிச்சிருக்கு" என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள். பைத்தியத்துக்கு எங்கள் ஊரில் அதுதான் பெயர். அந்த இரண்டு மாதம் நாங்கள் ஒரே சோபாவில் உட்கார்ந்து, ஒருவர் பண்ணைக்கு மற்றவர் விருந்தாளியாகப் போய்வந்தோம். உலகமே வீட்டுக்குள் முடங்கிக் கிடந்த நேரத்தில் நாங்கள் மட்டும் தினம் வெளியூர் போனோம். வாழ்க்கையில் நான் மிகவும் சந்தோஷமாக இருந்த காலம் எது என்று யாராவது கேட்டால் இதைச் சொல்ல வெட்கமாக இருக்கும். ஆனால் அதுதான்.

அப்புறம் அவள் பட்டம் முடித்து, மேற்படிப்புக்கு டப்ளின் போய், அங்கேயே வேலையில் சேர்ந்துவிட்டாள். சனிக்கிழமை சாயங்காலம் போன் வரும். சாப்டியா, சாப்டேன், குளிரா, குளிர்தான். நாலு நிமிஷம். எங்கள் இருவருக்கும் அதற்கு மேல் பேசத் தெரியாது. அம்மாவிடம் போன் போன பிறகு அரை மணி நேரம் சிரிப்புச் சத்தம் கேட்கும்.

எனக்கு வேறொரு தபால் இருந்தது. அந்த விளையாட்டில் பழ மரம் நாலு தடவை காய்த்தால் காய்ந்துவிடும். சொந்தக்காரன் தண்ணீர் ஊற்றினால் பிழைக்காது, அப்படி ஒரு சட்டம். நண்பர் யாராவது வந்து ஊற்ற வேண்டும். ஊற்றியதும் மரத்தில் ஒரு சீட்டு தொங்கும், வந்தவரின் பண்ணைப் பெயரோடும் நேரத்தோடும். எனக்கு இருந்த ஒரே நண்பர் என் மகள். அவள் டப்ளின் போன புதிதில் மூன்று நாள் தவறியதைத் தவிர, தினமும் அவள் பண்ணையின் சீட்டு தொங்கியது.

பெரும்பாலும் மதியம் இரண்டரைக்கு. அப்போது அங்கே காலை. ஆக, ஆபீஸ் போகிற டிராமில் இருக்கிறாள், உட்கார இடம் கிடைத்திருக்கிறது என்று கணக்குப் போட்டேன். ஞாயிற்றுக்கிழமை மட்டும் எங்கள் காலை ஆறு மணிக்கே சீட்டு தொங்கும். அங்கே நள்ளிரவு தாண்டிய நேரம். சனிக்கிழமை ராத்திரிகளில் என் பெண் எங்கே சுற்றுகிறாள் என்ற கவலை இரண்டு வருடமாக என்னை அரித்தது. கேட்கவும் முடியாது. அதற்குப் பிறகு ஒரே ஒரு நாள்தான் சீட்டு வரவில்லை. மனைவி ஒரு கல்யாணத்துக்காகக் கும்பளங்கி போயிருந்தாள். நான் தனியாக வத்தக்குழம்பும் சாதமுமாக உட்கார்ந்திருந்தவன், தாங்காமல் மகளுக்குப் போன் போட்டேன். "உடம்புக்கு ஒண்ணுமில்லையே?" "இல்லையே, ஏம்ப்பா?" "சும்மாத்தான்." மறுநாள் சீட்டு வந்தது. நிம்மதியாகத் தூங்கினேன்.

இந்த நிலையில் புது போன் வாங்கினேன். பழையதைப் பாலக்காட்டில் இருக்கும் மச்சினனுக்குக் கொடுப்பதாகப் பேச்சு. எங்கள் வீட்டில் ஒரு வழக்கம் உண்டு. எந்தப் பாத்திரமும் வீட்டை விட்டுப் போகும்போது கழுவித் துடைத்துப் பளபளவென்றுதான் போக வேண்டும். எச்சில் பாத்திரம் வெளியே போனால் மூன்று தலைமுறைக்குப் பேச்சு. போனை எப்படிக் கழுவுவது? அமைப்புகளுக்குள் தேடிப்போய், 'எல்லாவற்றையும் அழி' என்பதைக் கண்டுபிடித்தேன். நிச்சயமா என்று அது கேட்டது. நிச்சயம் என்றேன். திரும்பவும் கேட்டது. இவ்வளவு சந்தேகப் பிராணியா என்று எரிச்சலோடு அழுத்தினேன். பிறகு மூக்குக்கண்ணாடித் துணியால் துடைத்து, கவரில் போட்டு அனுப்பிவைத்தேன். மச்சினன் பெருமையாகச் சொன்னான்: "புத்தம் புதுசாட்டமா இருக்கு, அத்திம்பேர்."

அதை அனுப்பிய அன்று சாயங்காலம் பஸ்ஸில் புது போனில் விளையாட்டைத் திறந்தேன். வெற்று நிலம். தொப்பி வைத்த ஒரு வாத்து வந்து, விதையை எப்படி ஊன்ற வேண்டும் என்று ஆறு வருடத்து விவசாயிக்குப் பாடம் எடுத்தது.

கொச்சங்காடிக் கடைக்காரர் திண்டுக்கல்லிலிருந்து வந்து இருபது வருடமாகிறது.

"சாரே, பேக்கப் எடுத்தீங்களா?"

"நம்பர், போட்டோ எல்லாம் எடுத்தேன்."

"கேமு?"

"அது தானா வரும்னு நெனச்சேன்."

"தானா வர்றதுக்கு அது என்ன சாரே, பூனைக்குட்டியா? அழிக்கவான்னு போன் கேட்டிருக்குமே?"

"கேட்டுது. ரெண்டு தடவை."

"நீங்க?"

"ரெண்டு தடவையும் ஆமான்னுட்டேன்."

அவர் பக்கத்தில் சார்ஜர் வாங்கிக்கொண்டிருந்தவரின் தோளைத் தொட்டு, "சேட்டா, ஒரு மினிட்டு. இதக் கேட்டுட்டுப் போங்க" என்றார். சேட்டன் கேட்டார். இரண்டு பேரும் சிரித்து முடித்த பிறகு, விளையாட்டுக் கம்பெனிக்கு எழுதிக் கேட்கும் பக்கத்தை எடுத்துக் கொடுத்தார். "உங்க பண்ணைதான்னு நிரூபிக்கணும் சாரே. ஞாபகம் இருக்கிறதெல்லாம் எழுதுங்க."

கல்யாண நாளை மறந்து வருடா வருடம் வாங்கிக் கட்டிக்கொள்கிறவன் நான். அன்று எழுதினேன். எத்தனையாவது நிலை, எத்தனை கோழி, குளத்துக்கு எத்தனை படி, பன்றிக் கொட்டில் ஏன் ஜன்னலுக்கு நேரே இருக்கிறது என்பது வரை நாலு பக்கம். மறுநாள் பதில் வந்தது. உங்கள் பண்ணை பத்திரமாக இருக்கிறது. அதோடு இணைத்திருக்கும் மின்னஞ்சலுக்கு ஒரு எண் அனுப்பியிருக்கிறோம், அதைப் போட்டால் திறக்கும். அந்த மின்னஞ்சல் என் மகளுடைய பள்ளிக்கூட நாள் முகவரி.

மூன்று நாள் நான் அவளைக் கூப்பிடவில்லை. கேலி செய்வாள் என்பதற்காக இல்லை. அது பழகியதுதான். பண்ணை வேண்டும் என்று கேட்டால் ஏன் என்று கேட்பாள். சீட்டுகளை எண்ணிக்கொண்டிருக்கிறேன் என்று தெரிந்துவிட்டால், அப்புறம் அவள் ஊற்றுவது அப்பாவுக்காகச் செய்யும் கடமையாகிவிடும். டிராமில் சும்மா உட்கார்ந்திருக்கும்போது தோன்றித் தானாக வந்து ஊற்றினாளே, அது போய்விடும். கேட்காமல் இருந்தாலோ மரமே இல்லை.

அந்தச் சனிக்கிழமை அதிசயமாக எனக்கு விடுமுறை. மதியச் சாப்பாட்டுக்கு அப்புறம் கூடத்தில் உட்கார்ந்து கூப்பிட்டேன். விஷயத்தைச் சொன்னேன்.

"ஐயோ அப்பா! இன்னுமா அதை வெளையாடறே?"

"நீ மட்டும்? தினம் வந்து தண்ணி ஊத்தறயே?"

"நானா? இங்க வந்த முதல் மாசமே அதை விட்டாச்சு. என் போன்ல அந்தக் கேமே கிடையாது."

போனைக் காதிலிருந்து எடுத்து அதன் திரையைப் பார்த்தேன்.

"அப்பா? ஹலோ? நெட் போச்சா? சரி, நம்பர் சொல்றேன், எழுதிக்கோ."

எழுதிக்கொண்டேன். போட்டேன். பண்ணை திறந்தது. குளம், வேலி, படிகள், ஜன்னலுக்கு நேரே பன்றிகள். எல்லாம் அவள் வைத்த இடத்தில் வைத்தபடியே. மாமரம் மட்டும் காய்ந்து நின்றது. யாருக்காக என்று தெரியாமலேயே தண்ணீர் கேட்கும் கொடியைக் கட்டிவிட்டு, போனை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். மணி இரண்டரை. உள்ளறையிலிருந்து 'சளக்' என்று ஒரு சத்தம் வந்தது. விளையாட்டில் மரத்துக்குத் தண்ணீர் ஊற்றும்போது வரும், ஆறு வருடமாக எனக்குப் பழகிய சத்தம். குனிந்து பார்த்தேன். மரம் பச்சையாகியிருந்தது. சீட்டு தொங்கியது.

எழுந்து போனேன். என் மனைவி கட்டிலில் ஒருக்களித்துப் படுத்தபடி, மகள் விட்டுப்போன டேப்லெட்டைக் கையில் வைத்திருந்தாள்.

"நீயா?"

"பின்னே யாராம்? அவ நிறுத்தினதும் மூணு நாள் அந்த மரம் காஞ்சு கெடந்துது. நீங்கோ ரசஞ்சாதத்தைக்கூட முழுங்காம உக்காந்திருந்தேள். பாக்கச் சகிக்கலை."

மதியம் இரண்டரை, அடுக்களை ஒழித்துவிட்டு அவள் படுக்கும் நேரம். ஞாயிறு காலை ஆறு, நான் குறட்டை விட்டுக்கொண்டிருக்கும் நேரம். கும்பளங்கிக் கல்யாணம். டிராம், உட்கார இடம், ஊர் சுற்றும் பெண் எல்லாம் ஒவ்வொன்றாகக் கழன்று விழுந்தன. என் மகள் சனிக்கிழமை ராத்திரிகளில் ஒழுங்காகத் தூங்கிக்கொண்டிருந்திருக்கிறாள்.

"ஏன் எங்கிட்ட சொல்லலை?"

"சொன்னா நீங்கோ அவளைத் தேடறதை விட்டுட்டு என்னையா தேடப்போறேள்?"

சாயங்காலம், வழக்கத்துக்கு விரோதமாக, நானே சாயா போட்டு அவளுக்குக் கொண்டுபோய்க் கொடுத்தேன். தினம் என் மரத்தைப் பிழைக்க வைத்ததற்கு ரொம்ப நன்றி என்று, கொஞ்சம் தடுமாறித்தான், சொன்னேன். அவள் ஒரு வாய் குடித்துப் பார்த்தாள்.

"அது கெடக்கட்டும். பால்கனியிலே கறிவேப்பிலைச் செடி செத்து ஒரு மாசமாச்சே, அது கண்ணுல பட்டுதோ?"