துலுக்காத கெடா

போன பங்குனியில் என் வாய் நிற்கவே இல்லை. மதுரையில் எம்.ஏ. தத்துவம், முதல் வருஷம். மனசு என்றால் என்ன என்பதை மட்டுமே ஒரு செமஸ்டர் முழுக்கப் படித்திருந்தேன். மூளைதான் மனசு என்பது ஒரு கட்சி. அணுவுக்குள்ளேயே துளி உணர்வு இருக்கிறது என்பது இன்னொரு கட்சி. எதிரில் நிற்பவனுக்கு மனசு இருக்கிறது என்று நிரூபிக்கவே முடியாது என்பது மூன்றாவது. அருப்புக்கோட்டையில் ஏறி, பரளச்சி தாண்டிக் குலதெய்வம் கோயில் வரும்வரை, வேனில் இருந்த அத்தனை பேரையும் இதைச் சொல்லியே கொன்றேன்.

நிஜமாகவே கொல்வதற்கு ஒரு கெடாவும் வேனில் இருந்தது. போர்வெல்லில் தண்ணீர் வந்தால் வெட்டுவதாக மாமா நேர்ந்துகொண்டது. வளர்த்தது அத்தை. வழி முழுக்க அது அத்தை மடியில்தான் தலை வைத்து வந்தது.

பூசாரி அதன் மேல் மஞ்சத்தண்ணீர் ஊற்றினார். கெடா உடம்பைச் சிலுப்பித் துலுக்கினால் சம்மதம். அப்புறம்தான் அரிவாள். மூன்று செம்பு ஊற்றியாயிற்று. அது பாட்டுக்கு வேப்பங்குழையைத் தின்றுகொண்டு நின்றது.

"இன்னொரு செம்பு ஊத்துங்க," என்றார் மாமா.

அத்தை என் முழங்கையைக் கிள்ளினாள். "ஏய்யா, வேனுல அம்புட்டுப் பேசுன. இப்பப் பேசு."

பேசினேன். "மாமா, சம்மதம் கேக்குறீகள்ல? அப்ப அதுக்கு மனசு இருக்குன்னு நீங்களே ஒத்துக்கிட்டீக. மனசு இருந்தா மாட்டேன்னும் சொல்லும்ல? மூணு தடவை சொல்லிருச்சு!"

"ஏலே மாப்ள, ஒன்னைய எவன்டா வேன்ல ஏத்துனது?"

எல்லோரும் சிரித்தார்கள். பூசாரி சிரிக்கவில்லை. "பிள்ளை சொல்றது ஞாயந்தான். சாமிக்குப் பொங்கலே போதும்போல," என்று கயிற்றை அத்தை கையில் கொடுத்தார். எனக்குத் தலைகால் புரியவில்லை. செமஸ்டர் பாடம் ஓர் உயிரைக் காப்பாற்றிவிட்டது! மசாலா அரைத்து வந்திருந்த சித்திகள் என்னைத் திட்டிய திட்டுகூடக் காதில் தேனாக விழுந்தது.

அந்த நேரம் பார்த்துக் கெடா துலுக்கியது. தலையிலிருந்து வால் வரை, மஞ்சத்தண்ணீர் எங்கள் எல்லோர் மேலும் தெறிக்க.

"துலுக்கிருச்சு!" மாமா குதித்தார்.

"ஈரம் மாமா, ஈரம்! தோலு தானாச் சிலுப்புது. மனசுக்கும் அதுக்கும் சம்பந்தமே இல்ல!"

பூசாரி மெதுவாக என் பக்கம் திரும்பினார். "அப்ப இத்தனை வருசமாத் துலுக்குனதெல்லாம்?"

மூன்று கட்சிகளையும் மனசுக்குள் புரட்டினேன். அதற்குள் எல்லோரும் கெடாவைத் தேடினார்கள்.

கருவேல மரங்களுக்கு அந்தப் பக்கம், செருப்பைக்கூட விட்டுவிட்டு, அத்தை திருச்சுழி ரோட்டைப் பார்த்து ஓடிக்கொண்டிருந்தாள். அவளையும் முந்திக்கொண்டு கெடா.