இலைகளுக்கு நடுவே ஒரு முழம்

எழுபத்தெட்டாம் வருஷம், தை மாதம், காலை 6.40. போளூரில், மலைமேலிருக்கும் ஜமுனாமரத்தூருக்குப் பஸ் ஏறினேன். நாற்பது கிலோமீட்டர், இரண்டு ரூபாய் பத்து காசு. மடியில் இரவல் வாங்கிய எட்டு மில்லிமீட்டர் காமிரா, ஒரே ஒரு சுருள். மூன்று நிமிஷம் இருபது விநாடி ஓடும். அதற்குள் ஒரு குறும்படம் எடுத்து, மலைக்கும் கீழ்நாட்டுக்கும் நடுவிலிருக்கும் சுவரை இடித்துவிடலாமென்று நம்பினேன்.

கதை சின்னது. மலைக்காரரை ஒதுக்கிவந்த கீழ்நாட்டுக்காரர் கடைசியில் தன் கட்டுச்சோற்றை அவரோடு பங்கிட்டுச் சாப்பிடுகிறார். கீழ்நாட்டுக்காரராக நடிக்க, விடுமுறையிலிருந்த பஸ் கண்டக்டர் தாமோதரன் கூடவே வந்தார். மலைக்காரர், அவருக்குப் பழக்கமான சாமை விவசாயி வெள்ளையன்.

9.30. பஸ்ஸை விட்டு இறங்கி மூன்று கிலோமீட்டர் நடந்து வெள்ளையன் ஊர். இரண்டு நிமிஷப் படம் சுலபமாக முடிந்தது. கடைசிக் காட்சிக்குத் தாமோதரன் புளிச்சோற்றுப் பொட்டலத்தை நீட்டினார். வெள்ளையன் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டார்.

"இத்த நான் துன்னக்கூடாதுங்க."

"நடிப்புதாங்க," என்றேன்.

"வாய்க்குள்ள போறது நெஜந்தானே?"

கீழ்நாட்டார் சமைத்ததை மலைக்காரர்கள் சாப்பிடுவதில்லையாம். சாப்பிட்டால் ஊர் தள்ளிவைக்கும். மாசியில் மகளுக்குக் கல்யாணம், அது நின்றுபோகும்.

தாமோதரன் பொட்டலத்தை மடித்தார். "எங்க வூட்டுக்கு வந்தா தண்ணிகூட குடிக்கமாட்டாரு சார். கூச்சப்படறாருன்னு நெனச்சிக்கினு இருந்தேன்." பிறகு என்னைப் பார்த்து, "நான் பெரிய மனசு பண்றாப்ல எழுதிக்கினு வந்துட்டீங்க. இவுரு பக்கம் நின்னு பாத்தா நாந்தான் கீழ."

வெள்ளையன் சொன்னார்: "அரிசியா குடுத்தா வாங்கிக்குவேன் கண்டக்டரே. எங்க வூட்ல பொங்கிக்கலாம். நீங்களும் துன்னுங்க."

தாமோதரன் ஜமுனாமரத்தூர்க் கடைக்குத் திரும்ப நடந்து ஒரு படி அரிசி வாங்கி வந்தார். வெள்ளையன் மனைவி பொங்கினார். பின்னால் பேச்சு வரக்கூடாதென்று பக்கத்து வீட்டார் இருவரைக் கூப்பிட்டுச் சாட்சியாக நிற்கவைத்தார் வெள்ளையன்.

1.45. இரண்டு இலை, நடுவே ஒரு முழம். கொஞ்சம் நெருங்கி உட்காரச் சொல்ல வாயெடுத்தேன், மூடிக்கொண்டேன்.

"உப்பு போதுமா?" என்றார் வெள்ளையன்.

"போதும்."

என் காமிராவுக்குக் காது கிடையாது. சுருள் தீர்ந்து அது நின்ற பிறகும் இருவரும் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள்.

நாலு மணி பஸ்ஸில் மலையிறங்கும்போது வேலூரில் எங்கள் வீடு நினைவுக்கு வந்தது. விறகு பிளக்க வருகிறவருக்குக் கொல்லையில் இலை போடுவோம். கூடத்தில் என் இலைக்கும் அதற்கும் எத்தனை முழமென்று நான் அளந்ததில்லை. அந்தக் கூடத்தில் உட்கார்ந்துதான் இந்தப் படத்தின் கதையை எழுதியிருந்தேன்.