காற்றை அளக்க வந்தவர்கள்

பரளச்சிப் பக்கம் எங்கள் ஊருக்குக் கிழக்கே கல் உடைக்கும் கிரஷர் வந்த இரண்டாவது வருஷம் என் மகளுக்கு மூச்சு இழுக்க ஆரம்பித்தது. அவளுக்கு அப்போது ஏழு வயது. தோள்கள் இரண்டும் காதுவரை ஏறி இறங்கும். விலா எலும்புகளுக்கு நடுவே தோல் குழியும். வீட்டுக்காரர் சவுதியில் இருந்தார். அருப்புக்கோட்டை பஸ்ஸில் அவளை மடியில் வைத்துக்கொண்டு, அடுத்த மூச்சு வருமா என்று அவள் நெஞ்சையே பார்த்தபடி போவேன்.

"வீட்டுப் பக்கம் என்னம்மா இருக்கு?" என்று டாக்டர் கேட்டார். சொன்னேன். "மருந்து நான் தாரேன். தூசி நிக்காம இது நிக்காது" என்றார்.

மாடியில் காயப்போட்ட மிளகாய் வற்றல், மாவில் புரட்டியது மாதிரி வெளுத்துக் கிடக்கும். அந்தத் தூசியைத்தானே அவளும் மூச்சில் இழுக்கிறாள் என்று நினைப்பேன். ஊரில் பல வீட்டு ஆண்களுக்கு அங்கேதான் வேலை, அதனால் கிரஷருக்கு எதிரான மனுவில் யாரும் கையெழுத்துப் போடவில்லை. ஒரு திங்கட்கிழமை விருதுநகர் கலெக்டர் ஆபீஸுக்குத் தனியாகப் போய் மனு கொடுத்தேன்.

அப்புறம் ஒரு மாதம் எந்தப் பதிலும் இல்லை. பிறகு ஜீப் வந்தது. மாசுக் கட்டுப்பாட்டு அலுவலகத்திலிருந்து ஒரு பெண் அதிகாரியும் உதவியாளரும் தகரப் பெட்டி ஒன்றை எங்கள் மாடியில் ஏற்றினார்கள். அது காற்றை இழுத்து, உள்ளே இருக்கும் வெள்ளைக் காகிதத்தில் தூசியைப் பிடிக்குமாம். "ஒரு நாள் முழுக்க ஓடணும். கரண்ட்டை மட்டும் யாரும் நிறுத்தாமப் பாத்துக்கங்க" என்றார் அதிகாரி.

பெட்டி உறுமத் தொடங்கிய கொஞ்ச நேரத்தில் கிரஷர் நின்றுவிட்டது. டேங்கர் லாரி ஒன்று மண்ரோட்டில் தண்ணீர் தெளித்துக்கொண்டே போனது. அவர்களுக்கு யார் தகவல் சொன்னார்களோ தெரியவில்லை. மறுநாள் காகிதத்தை எடுத்தபோது அது ஏறக்குறைய வெள்ளையாகவே இருந்தது. நான் பொய் மனு கொடுத்தவள் ஆகிவிட்டேன். எந்த வீட்டிலிருந்து மனு போனது என்பதும் இப்போது எல்லோருக்கும் தெரிந்துவிட்டது.

அன்று மத்தியானம் கிரஷர் மேனேஜர் பைக்கில் வந்தார். வாசலிலேயே நின்றார். குரல் உயரவில்லை.

"மச்சான் எப்ப வாராக தங்கச்சி?"

"பெருநாளைக்கு."

"பாப்பா டவுனு பள்ளிக்கூடம்தானே? வேன்ல போகுதா, பஸ்ஸுலயா?"

அவர் சிரித்துவிட்டுப் போனார். கதவைத் தாழ்ப்போட்டுவிட்டு அப்படியே தரையில் உட்கார்ந்தேன். போனில் சொன்னபோது வீட்டுக்காரர், "மனுவை வாபஸ் வாங்கிரு. நான் அங்க இல்லையே" என்றார்.

"வாங்கிட்டா அவ நல்லா மூச்சு விட்ருவாளா மச்சான்?" என்றேன்.

இரண்டு நாள் அவளைப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பவில்லை. மூன்றாம் நாள் கிரஷர் முழு வேகத்தில் ஓடியது. மாடிக்குப் போய் அதிகாரிக்குப் போன் போட்டேன். "இப்ப ஓடுதும்மா" என்றேன். மேனேஜர் வந்து கேட்டதை அழுதுகொண்டே சொன்னேன்.

மறுவாரம் சொல்லாமல் வந்தார்கள். இந்தத் தடவை எங்கள் வீட்டுப் பக்கமே வரவில்லை. ஊர்ப் பள்ளிக்கூடத்து மாடியில் பெட்டியை வைத்தார்கள். எனக்காகத்தான் அந்த அதிகாரி அப்படிச் செய்தார் என்று நினைக்கிறேன், நான் கேட்கவில்லை. காகிதம் சாம்பல் நிறத்தில் வந்ததாகச் சத்துணவு சமைக்கிற அக்கா சொன்னார்.

கிரஷருக்கு சீல் வைத்தார்கள். எந்திரங்களைத் தகரத்தால் மூடி, தண்ணீர் தெளிப்பான் பொருத்தி, சுற்றிலும் மதில் எழுப்பிய பிறகுதான் ஓட்டலாம் என்று உத்தரவு. அந்த வாரங்களில்தான் நான் அதிகம் பயந்தேன். வேலை போன ஆண்கள் வேப்பமரத்தடியில் உட்கார்ந்திருப்பார்கள். நான் கடந்து போகும்போது பேச்சு நின்றுவிடும். பக்கத்து வீட்டு அக்காவின் புருஷனும் அவர்களில் ஒருவர். அந்த அக்கா என்னைக் கண்டால் முகத்தைத் திருப்பிக்கொள்வார். வேனை நம்பாமல் நானே மகளை பஸ்ஸில் கூட்டிக்கொண்டு போய் வந்தேன்.

உத்தரவுப்படி எல்லாம் செய்து கிரஷர் மறுபடி ஓடுகிறது. தூசி அடியோடு போகவில்லை, ஆனால் வெகுவாகக் குறைந்துவிட்டது. மகள் தினமும் மருந்து இழுத்தது இப்போது வாரத்துக்கு ஒரு தடவை என்று ஆகியிருக்கிறது.

போன மாதம் குழாயடியில் பக்கத்து வீட்டு அக்கா என்னைப் பார்க்காமலே, "எங்க வீட்ல இவுகளுக்கும் இருமல் கொறஞ்சிருக்கு" என்றார். குடத்தைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார்.